ஆன்சிங் நடிகையும் நம் கரையின் ஸ்திரீபார்ட்டும்

ஆசிரியர் அவர்களுக்கு வணக்கம்.

தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் சீனப் பாடல் படங்களைப் பற்றி வந்த கட்டுரையை வாசித்தோம். 'ஹுவாங்மெய் மெட்டு' என்பது 1960களில் ஹாங்காங் ஸ்டுடியோக்கள் உண்டாக்கிய சினிமா இசை என்று அதில் ஒரு வரி இருந்தது. அது தவறு. அந்த மெட்டுக்குப் பின்னால் ஒரு கிராமத்து நாடகமும், யென் ஃபெங்யிங் என்ற நாடக நடிகையின் வாழ்க்கையும் இருக்கின்றன. ராமநாதபுரம் கடற்கரையில் இசை நாடகத்தோடு பழகும் எங்களைப் போன்றவர்களுக்கு அவரது கதை அந்நியமானது அல்ல. அதனால் திருத்தத்தோடு கொஞ்சம் கூடுதலாகவே எழுதுகிறோம். இடம் தர வேண்டுகிறோம்.

ஹுவாங்மெய் என்பது சீனாவின் ஹூபெய் மாகாணத்தில் உள்ள ஒரு மாவட்டம். அங்கே தேயிலை பறிப்பவர்கள் பாடிய பாட்டுகள் பக்கத்து மாகாணமான அன்ஹுய்க்குள் புகுந்து, யாங்சி ஆற்றங்கரை நகரமான ஆன்சிங்கைச் சுற்றி நாடகமாக வளர்ந்தன. ஆன்சிங் வட்டாரப் பேச்சுதான் இந்த நாடகத்தின் மொழி. பழைய குழுக்களின் அமைப்பை 'மூன்று பேர் கொட்டு, ஏழு பேர் பாட்டு' என்று சொல்வார்கள். நரம்புக் கருவி கிடையாது. கொட்டு அடிப்பவர்களே பின்பாட்டும் பாடுவார்கள். நம் கூத்தில் முன்னவர் எடுத்த அடியைப் பின்னவர் வாங்கிப் பாடுவது போலத்தான். வில்லால் இழுத்து வாசிக்கும் இரண்டு தந்திக் கருவியான காவ்ஹூ, 1950களில்தான் முதன்மைப் பக்கவாத்தியமாக நிலைபெற்றது. 'பெரிய நாடகம் 36, சின்ன நாடகம் 72' என்பது அவர்களின் பழைய கணக்கு.

பாட்டிலும் இரண்டு வகை உண்டு. சின்ன நாடகங்களில் வருபவை துள்ளலான குட்டி மெட்டுகள். பெரும்பாலும் ஒரு நாடகத்துக்கு ஒரு மெட்டு. பெரிய நாடகங்களைத் தாங்குவது 'பிங்சி' என்ற நிதானமான மெட்டு. ஏழு அசை அல்லது பத்து அசை கொண்ட வரிகள் இரண்டிரண்டாக, மேல் வரி கீழ் வரி என்று போகும். கதை சொல்ல, புலம்ப, வாதாட எல்லாவற்றுக்கும் அதே மெட்டைத்தான் நீட்டியும் சுருக்கியும் பாட வேண்டும். விருத்தத்தை ஆளத் தெரிந்த நம் ஸ்திரீபார்ட்டுக்கு, அதாவது இசை நாடகத்தில் கதாநாயகி வேடம் கட்டுபவருக்கு, இதன் சிரமம் உடனே விளங்கும். இன்னொரு முக்கியமான செய்தி: பீகிங் ஓபராவில் கதாநாயகி கள்ளக்குரலில் பாடுவார், ஹுவாங்மெய் நாடகத்தில் சொந்தக் குரல்தான். கேட்டவர் வீட்டுக்குப் போய் அப்படியே பாடிப் பார்க்க முடியும். இந்தப் பாட்டு பரவியதற்கு முதல் காரணமாக நாங்கள் நினைப்பது இதைத்தான்.

யென் ஃபெங்யிங் 1930இல் ஆன்சிங்கில் பிறந்தார். குடும்பம் அருகிலிருந்த லுவோலிங் என்ற கிராமத்தைச் சேர்ந்தது. மாடு மேய்த்து, புல் அறுத்து வளர்ந்த சிறுமி. காட்டில் பாடும் பாட்டுகள்தாம் முதல் பாடம். பிறகு ஊர்ப்பக்கத்து நாடகக்காரர் ஒருவரிடம் ஒளிந்து மறைந்து கற்றுக்கொண்டார். பெண்பிள்ளை மேடையேறுவது குலத்துக்கே இழுக்கு என்று உறவுக்காரர்கள் எதிர்த்தார்கள். 'கூத்தாடி' என்ற சொல்லை நம் ஊரில் எந்தத் தொனியில் சொல்கிறார்களோ, அதே தொனிதான் அங்கேயும். வீட்டை விட்டுக் குழுவோடு போனார். பதின்வயதிலேயே ஆன்சிங்கில் பேர் எடுத்தார். பேர் வந்ததும் ஊர்ப் பெரும்புள்ளிகளின் தொல்லையும் வந்தது. தப்பி ஊர் ஊராக அலைந்து நான்ஜிங் போய்ச் சேர்ந்தார். அங்கே பீகிங் ஓபராவும், அதைவிடப் பழைய குன்ச்சூ நாடகமும் கற்றது பின்னால் கைகொடுத்தது. கை முத்திரை, நடை, கண் போகும் திசை ஆகியவற்றை அங்கிருந்து எடுத்துக்கொண்டார். குரலை மட்டும் ஊர்க் குரலாகவே வைத்துக்கொண்டார். 1951இல் ஆன்சிங்குக்குத் திரும்பினார்.

1952இல் ஆன்சிங் நாடகக்காரர்கள் ஷாங்காய்க்குக் கொண்டுபோன நாடகங்களில் ஒன்றுக்குப் பெயரே 'பன்றிக்குக் கீரை பறித்தல்'. கீரை பறிக்கப் போன சிறுமி தெரியாமல் மூங்கில் குருத்தை ஒடித்துவிடுகிறாள். தோப்பைக் காக்கும் பையன் 'திருடி' என்கிறான். சண்டை, அழுகை, சமாதானம். பிறகு கூடையைத் தூக்கிக்கொண்டு அவளை வீடுவரை கொண்டுவிடுகிறான். வழிநெடுக இருவரும் பூக்களை வைத்து விடுகதை போட்டுப் பாடுகிறார்கள். அவ்வளவுதான் கதை. ராஜா இல்லை, போர் இல்லை, ஆடையில் ஒரு சரிகை இல்லை. ஒருவர் கேள்வியாக எடுக்க, மற்றவர் அதே மெட்டில் பதிலாக இறக்க வேண்டும். நாம் எசப்பாட்டு என்கிறோமே, அதுதான். பாட்டின் நடுவே சொல்லுக்குப் பொருளில்லாத தாள ஒலிகள் வரும். அந்த ஒலிகளை யென் ஃபெங்யிங் வெறும் அசைநிரப்பியாகப் பாடாமல், சிறுமியின் குறும்பாகவும் கோபமாகவும் மாற்றினார். கவனித்துக் கேட்டால் ஒரே ஒலி ஒவ்வொரு முறையும் வேறு அர்த்தத்தில் வருவது தெரியும்.

1953இல் அன்ஹுய் மாகாண ஹுவாங்மெய் நாடகக் குழு ஹெஃபெய் நகரில் அமைக்கப்பட்டது. அடுத்த ஆண்டு ஷாங்காயில் நடந்த கிழக்குச் சீன நாடக விழாவில் 'தியான்ஷியன் பெய்' அரங்கேறியது. தேவகன்னி ஒருத்தி மண்ணுலக மனிதனை மணந்த கதை. இதன் பிரதியில் செய்த திருத்தம் நம் நாடக ஆசிரியர்கள் கவனிக்க வேண்டியது. தந்தையை அடக்கம் செய்யப் பணமில்லாமல் தோங் யோங் என்ற ஏழை தன்னையே அடிமையாக விற்கிறான். பழைய பிரதியில், அவனுடைய பிதிர்பக்தியை மெச்சி, வானுலக அரசன் தன் ஏழாவது மகளை நூறு நாள் மனைவியாக இருக்கச் சொல்லி அனுப்புகிறான். நாள் முடிந்ததும் அவள் திரும்பிவிடுகிறாள். லூ ஹாங்ஃபெய் திருத்திய பிரதியில் அவளை யாரும் அனுப்பவில்லை. மேலிருந்து பார்த்து, அவன் மேல் மனம் வைத்து, அவளே இறங்கி வருகிறாள். ஓர் இரவில் பத்துப் பட்டுத்துணி நெய்து, மூன்று வருட அடிமைக்காலத்தை நூறு நாளாகக் குறைக்கிறாள். விடுதலையாகி வீடு திரும்பும் வழியில்தான் மேலிருந்து கட்டளை வருகிறது. வராவிட்டால் கணவனைக் கொன்றுவிடுவோம் என்ற மிரட்டல். திருத்தம் இதுதான்: ஏற்கெனவே இருந்த நிகழ்ச்சிகள் பெரும்பாலும் அப்படியே இருக்க, முடிவெடுப்பவர் மாறினார். அதனால் நடிகைக்கு நடிக்க இடம் கிடைத்தது.

1955இல் ஷாங்காய் திரைப்பட ஸ்டுடியோ இதைக் கறுப்பு வெள்ளைப் படமாக எடுத்தது. திரைக்கதை சாங் ஹூ, இயக்கம் ஷி ஹுய். ஷி ஹுய் தாமே பெரிய நடிகர். நாடகமேடையின் பலமும் கேமராவின் பலமும் வேறு வேறு என்று தெரிந்தவர். மேடையில் இல்லாத கதவை நடிகர் கையாலேயே திறந்து காட்டுவார். படத்தில் உண்மையான மரம், உண்மையான வழி. பின்னால் நிஜ மரம் நிற்கும்போது முன்னால் மேடை அளவுக்குப் பெரிய கையசைவு செய்தால் பொய்யாகத் தெரியும். ஆகவே அசைவைச் சுருக்கி, பாட்டை மட்டும் சுருக்காமல் வைத்தார்கள். யென் ஃபெங்யிங்கோடு தோங் யோங்காக நடித்த வாங் ஷாவ்ஃபாங் சிறுவயதில் பீகிங் ஓபரா பயின்றவர். அவருடைய அடக்கமான நிலைக்கு எதிரே இவருடைய துள்ளல் நன்றாக எடுபட்டது.

அந்த வீடு திரும்பும் காட்சியை மட்டும் ஒருமுறை பார்க்கச் சொல்வோம். மரத்தில் ஜோடிப் பறவைகள் என்று தொடங்கும் இருகுரல் பாட்டு. ஆளுக்கு ஒரு வரி. ஒருவர் உழுவதும் ஒருவர் நெய்வதும், ஒருவர் தண்ணீர் சுமப்பதும் ஒருவர் தோட்டத்துக்கு ஊற்றுவதும் என்று வரிக்கு வரி வீட்டுவேலைதான். காதல் என்ற சொல்லைப் பெரிதாக இழுத்துப் பாடவே இல்லை. ஓரிடத்தில் அவர் முகத்தைத் திருப்பி, கணவனைப் பார்த்தபடி பாதி வரியை மெல்லவே விடுகிறார். கடைசி வரியைத்தான் இருவரும் சேர்ந்து எடுக்கிறார்கள். சீனாவில் இன்றும் கல்யாண வீடுகளில் பாடப்படும் பாட்டு அது.

தங்கள் கட்டுரையாளர் தவறவிட்ட கண்ணி இங்கேதான் இருக்கிறது. இந்தப் படம் ஹாங்காங்கில் ஓடு ஓடென்று ஓடியது. அதைப் பார்த்துத்தான் ஷா பிரதர்ஸ் நிறுவனமும் இயக்குநர் லீ ஹான்ஷியாங்கும் 1958 முதல் அந்த மெட்டில் படம் எடுக்கத் தொடங்கினார்கள். ஐவி லிங் போ ஆண்வேடத்தில் நடித்து 1963இல் வெளிவந்த படம் தைவானையே ஆட்டிவைத்தது. ஆனால் அங்கே ஆன்சிங் பேச்சு போய்ப் பொது மாண்டரின் வந்தது. பெரிய வாத்தியக் குழு வந்தது. நடிப்பது ஒருவர், பின்னணி பாடுவது இன்னொருவர் என்ற முறையும் வந்தது. இனிமையான படங்கள்தாம், மறுக்கவில்லை. ஆனாலும் அவை கிளை, வேர் ஆன்சிங்.

அதன்பின் யென் ஃபெங்யிங் நடித்தவற்றில் பெரிதாகப் பேசப்படுபவை இரண்டு படங்கள். 1959இல் லியூ சியோங் இயக்கியதில், காதலனைக் காப்பாற்ற ஆண்வேடத்தில் தேர்வெழுதி முதலிடம் பெற்று, அரசகுமாரிக்கே மாப்பிள்ளையாக்கப்படும் பெண்ணாக வருகிறார். ஆண்வேடத்தில் குரலைத் தடிப்பாக்கவில்லை. வரியை முடிக்கும் இடத்தை மட்டும் உறுதியாக வெட்டி நிறுத்துகிறார். 1963இல் சென் ஃபான் இயக்கத்தில் மாட்டுக்காரனும் நெசவுப்பெண்ணும் கதை.

முடிவு கொடுமையானது. கலாசாரப் புரட்சியில் பழைய நாடகம் குற்றமாயிற்று. அதை ஆடியவர் குற்றவாளியானார். உளவாளி என்றுகூடப் பழி சுமத்தினார்கள். 1968 ஏப்ரல் 8ஆம் தேதி அவர் தம் உயிரை மாய்த்துக்கொண்டார். உயிர் ஊசலாடிய வேளையிலும் சிகிச்சைக்கு முந்திக்கொண்டது விசாரணைதான். இறந்த பிறகு உடலைப் பிளந்து, உள்ளே ஒலிபரப்புக் கருவி இருக்கிறதா என்று தேடினார்கள். வயது நாற்பதைத் தொடவில்லை. படத்தை இயக்கிய ஷி ஹுய் அதற்கு முன்பே, 1957இல், வலதுசாரி என்ற முத்திரை குத்தப்பட்டு இறந்துபோனார். 1978இல் யென் ஃபெங்யிங் மேல் சுமத்தியவை பொய் என்று அரசே அறிவித்தது. இன்று ஆன்சிங்கின் லிங்ஹூ பூங்காவில் அவருக்குச் சிலை நிற்கிறது. 2006இல் ஹுவாங்மெய் நாடகம் சீனத் தேசியப் பாரம்பரியப் பட்டியலில் சேர்ந்தது. ஆனால் அடுத்த தலைமுறை நடிகைகள் பாடம் கேட்டது சிலையிடம் அல்ல. அந்தப் படச்சுருள்களிடமும் ஒலிப்பதிவுகளிடமும்தான்.

இப்போது நம் கரைக்கு வருகிறோம். பெரியபட்டினத்தில் தோண்டினால் சீனப் பீங்கான் ஓடு கிடைக்கிறது. எழுநூறு வருடத்துக்கு முன் உடைந்த கிண்ணத்துக்குக்கூடத் தடயம் இருக்கிறது. முப்பது வருடம் முன்பு சாயல்குடிப் பக்கமும் தொண்டிப் பக்கமும் 'வள்ளி திருமணம்' நாடகத்தில் விடிய விடிய வள்ளியாக நின்ற பெண்களின் குரலுக்கு என்ன தடயம்? அந்த நாடகத்தை எழுதிய சங்கரதாஸ் சுவாமிகளின் பிரதி அச்சில் இருக்கிறது. ஆனால் ஸ்பெஷல் நாடகத்தில் அச்சுப் பிரதி பாதிதான். ஒத்திகை கிடையாது. ஸ்திரீபார்ட் ஓர் ஊர், கதாநாயகனான ராஜபார்ட் ஓர் ஊர், ஆர்மோனியம் இன்னோர் ஊர், மேடையில்தான் சந்திப்பு. நாரதர் கேட்கும் கேள்விக்கு வள்ளி என்ன சொல்லுவாள் என்பது அன்றைய இரவில் பிறப்பது. அதைப் பதிவு செய்யாவிட்டால் அது இல்லை.

பதிவு நடக்கவில்லை என்று சொல்ல முடியாது. யூடியூபில் குவிந்து கிடக்கிறது. குறை என்னவென்றால், பெரும்பாலும் கோமாளியும் நடனக்காரியும் வரும் பபூன்-டான்ஸ் பகுதியோடு கேமரா மூட்டை கட்டிவிடுகிறது. இரவு ஒரு மணிக்கு மேல் வள்ளி தினைப்புனத்தில் கவண் எடுத்து ஆலோலம் பாடும்போது படம் எடுக்க ஆள் இல்லை. மூன்று மணிக்குத் தர்க்கம், அதாவது பாத்திரங்களின் வாதப் போட்டி, சூடு பிடிக்கும். குரல் நன்றாகப் பழுத்து, கூட்டமும் குறைந்து, பாடுகிறவர் தமக்காகப் பாடும் நேரம் அது. அந்த நேரத்துப் பாட்டுதான் பெரும்பாலும் போய்விடுகிறது.

பதிவு செய்ய முன்வருகிற இளைஞர்களுக்கும் திருவிழாக் கமிட்டிகளுக்கும் சில குறிப்புகள்.

முதலில் ஒலி. மிக்சரிலிருந்து ஒரு லைன் எடுப்பது அவசியம். ஆனால் அது மட்டும் போதாது. மிக்சர் லைனில் மைக்கில் விழுந்தது மட்டுமே வரும். ஆர்மோனியம் பக்கத்தில் தனி மைக் இல்லாவிட்டால் சுருதியே கேட்காது. கூட்டத்தின் சிரிப்பும் இருக்காது. அதனால் மேடைக்கு முன்னால் பத்தடி தூரத்தில், ஆள் உயரத்துக்கு மேலே, தனி ரெக்கார்டர் ஒன்று நிற்க வேண்டும். குழாய் ஸ்பீக்கருக்கு நேர் எதிரே வைத்தால் எல்லாம் கிறீச்சிடும். இரண்டு குழாய்க்கும் நடுவில், மேடையை நோக்கி வையுங்கள். எக்கோவைக் குறைக்கச் சொல்லி மைக்செட்காரரிடம் முன்கூட்டியே பேசிவிடுங்கள்; எக்கோ கலந்துவிட்டால் பிறகு பிரிக்க முடியாது, தர்க்கத்தில் ஒரு சொல்லும் தெளியாது. பபூன் திடீரென்று கத்துவார். சாதாரணப் பேச்சுக்குச் சரியாக அளவு வைத்தால் அந்த இடத்தில் ஒலி கிழியும். பாட்டின் உச்சம் மைனஸ் 12 டெசிபலைத் தாண்டாதபடி இறக்கி வைத்தால் தாங்கும்.

எங்கள் கரைக்கு ஒரு தனிப் பிரச்சினை காற்று. நாடகம் அதிகம் நடப்பது பங்குனி, சித்திரை முதல் ஆடி வரை. பிற்பாதியில் கச்சான் என்ற தென்மேற்குக் காற்று அடிக்கிற காலம். மைக்கின் மேல் வெறும் பஞ்சு உறை போதாது. ரோம உறை வேண்டும். இல்லாவிட்டால் பாட்டு முழுக்க 'பொத் பொத்' என்று அடிக்கும். ஜெனரேட்டரைக் காற்று போகும் பக்கம் வைத்தால் அதன் இரைச்சல் மேடைக்கு வராது. உப்புக் காற்றில் ஆர்மோனியத்தின் பித்தளை ரீடுகளில் களிம்பு ஏறிச் சுருதி பிசகும். ஈரத்தில் மிருதங்கத் தோல் தளர்ந்து நடுநிசிக்குள் சுருதி இறங்கும். ஆகவே தொடக்கத்திலும் நடுவிலும் ஆர்மோனியக்காரரைச் சட்ஜத்தை மட்டும் பத்து விநாடி பிடிக்கச் சொல்லிப் பதிந்துகொள்ளுங்கள். ஸ்திரீபார்ட் ஐந்து கட்டையில் பாடினாரா ஐந்தரையிலா, ராஜபார்ட்டுக்காகக் கட்டை (சுருதி அளவு) எங்கே மாறியது என்பதை நோட்டில் எழுதுங்கள். இரண்டு குரலுக்கும் ஒத்துவராத கட்டையில் தர்க்கம் தொடங்கினால் ஒருவருடைய சொல் அடிக்குரலில் அமுங்கிப்போகும். பிற்காலத்தில் கேட்பவர், பாடியவருக்கே திறமை போதவில்லை என்று நினைத்துவிடுவார்.

இடம் எவ்வளவு பிடிக்கும் என்று கேட்பவர்களுக்கு: 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட், இரண்டு சேனல் என்றால் மணிக்கு ஒரு ஜிபிக்குச் சற்று மேல். பத்து மணிக்குத் தொடங்கி ஐந்து மணிக்கு முடியும் நாடகத்துக்குச் சுமார் ஏழேகால் ஜிபி. 16 ஜிபி கார்டு தாராளம். சில ரெக்கார்டர்கள் ஒரு கோப்பு நான்கு ஜிபியைத் தொட்டதும் நின்றுவிடும். அதாவது சுமார் நான்கு மணி நேரத்தில், சரியாகத் தர்க்கத்துக்கு முன்னால். தானாக அடுத்த கோப்புக்கு மாறுகிறதா என்று வீட்டிலேயே ஓடவிட்டுப் பாருங்கள். கேமராவில் ஷட்டரை ஐம்பதில் ஒரு விநாடிக்கு வையுங்கள். நம் மின்சாரம் 50 ஹெர்ட்ஸ், அதற்கு ஒத்துவராத அளவில் வைத்தால் மேடை விளக்கு படத்தில் துடிக்கலாம். ஒரு கேமரா நகராமல் முழு மேடையையும் பார்க்கட்டும். மற்றொன்று முகத்தை எடுக்கட்டும். பாடுகிறவர் முகத்தை விட்டு எதிரே நிற்பவர் கேட்கும் முகத்துக்கும் போங்கள். தர்க்கத்தில் பாதி நடிப்பு கேட்பதில்தான் இருக்கிறது.

பணமும் அனுமதியும் பற்றியும் சொல்ல வேண்டும். நடிகை பேசிய சம்பளம் மேடைக்கானது, பதிவுக்கு அல்ல. முன்கூட்டியே கேட்டு, தனித் தொகை பேசி, எழுத்தில் வாங்குங்கள். ஒரு பிரதி அவருக்குக் கொடுங்கள். எந்தப் பகுதியையும் வெட்டித் தனியே வெளியிடுவதில்லை என்று உறுதி கொடுங்கள். டான்ஸ் துண்டின் கீழே முகம் தெரியாதவர்கள் எழுதும் அசிங்கத்தைச் சுமப்பது அந்தப் பெண்ணின் பிள்ளைகள்தாம்.

தங்கள் நாளிதழிடம் இரண்டு கோரிக்கைகள். மாவட்டப் பக்கத்தில் திருவிழாச் செய்தி வெளியிடும்போது 'இரவு வள்ளி திருமண நாடகம் நடைபெற்றது' என்று முடித்துவிடாமல், ஸ்திரீபார்ட், ராஜபார்ட், ஆர்மோனியம், மிருதங்கம் யார் யார் என்று பெயர் போடுங்கள். நோட்டீஸிலேயே அந்தப் பெயர்கள் இருக்கின்றன. ஒரு வரிதான் கூடும். இரண்டாவது, நோட்டீஸ் கிழிவதற்கு முன் அதையே ஒரு படம் எடுத்து, நாளும் ஊரும் குறித்து, தங்கள் மாவட்ட அலுவலகத்தில் சேர்த்து வையுங்கள். வரும் பங்குனியிலிருந்தே தொடங்கலாம்.

இப்படிக்கு,
இசை நாடக ஆர்வலர்கள்,
தேவிபட்டினம், ராமநாதபுரம் மாவட்டம்.